தொட்டியிலே இருந்தா செடி, தரையிலே கிடந்தா களை

வா பேராண்டி, இப்படி உடைமர நிழலுக்கு ஒதுங்கு. கார் டிக்கியைத் திறந்து ஆறு தொட்டியை இறக்கினதைப் பார்த்துக்கிட்டுத்தான் இருந்தேன். ஒவ்வொண்ணையும் ரெண்டு கையாலே ஏந்தி, வெயில் படாத இடமாப் பார்த்து வச்சே. நீ பிறந்தப்போ உங்க அப்பன் உன்னை இவ்வளவு பதனமாத் தூக்கினதில்லே.

என்ன செடின்னு கேட்டேன். "எவால்வுலஸ் தாத்தா"ன்னே. நீலப் பூப் பூக்குமாம், தரையோட படருமாம், வெயில் தாங்குமாம், தண்ணி கொஞ்சம் போதுமாம். நர்சரிக்காரன் சொல்லிக் கொடுத்ததை அப்படியே ஒப்பிச்சே. தொட்டி என்ன வெலைன்னு கேட்டேன். 180 ரூபாய்னே. நான் ஒண்ணும் சொல்லலே. முழுசா 200 கொடுத்திருக்கலாமேன்னுதான் நினைச்சேன். பாவம், அவனும் பிள்ளைகுட்டிக்காரன். உன்னைப் போல ஆள் தெனமுமா வந்து வாய்க்கும்?

சரி, இப்போ அந்தக் காலைக் கொஞ்சம் நகட்டு. செருப்புக்குக் கீழே பாரு. நீலமா நாலஞ்சு கிடக்குதா? பதறாதே, ஒண்ணும் ஆகலே; மிதி வாங்கியே வளர்ந்த செடி அது. அதுக்குப் பேர் விஷ்ணுகிரந்தி. உன் தொட்டியிலே இருக்கிறவளுக்கு ஒண்ணுவிட்ட அக்கா. தங்கச்சி பிரேசில் பக்கம். அக்கா நம்ம செவக்காட்டுக்காரி. ரெண்டு பேருக்கும் கோத்திரம் எவால்வுலஸ்தான். தங்கச்சி எவால்வுலஸ் குளோமரேட்டஸ், அக்கா எவால்வுலஸ் ஆல்சினாய்டஸ். நீலமும் உண்டு, படர்றதும் உண்டு, வெயில் தாங்குறதும் உண்டு. ஒரே ஒரு குறை, அக்காவுக்கு வெலைச்சீட்டு கட்டலே. அதனாலே தங்கச்சிக்கு ஏசி கார், அக்காவுக்கு உன் செருப்பு.

என்ன முழிக்கிறே? அஞ்சாப்புப் படிச்ச கிழவன் வாயிலே லத்தீன் எப்படி வருதுன்னா? ஒரு ஐப்பசி மழைக்குப் பிறகு காலேசு வாத்தியார் ஒருத்தர் பிள்ளைகளைக் கூட்டிக்கிட்டுச் செடி பார்க்க இந்தப் பக்கம் வந்தார். பிள்ளைக எல்லாம் செல்போனைப் பார்த்துக்கிட்டு நின்னுச்சு. அவர் பாடம் நடத்தினது யாருக்காவது போய்ச் சேரணுமே, நான் வாங்கிக்கிட்டேன். எனக்குப் படிப்பு நின்னுபோச்சு. காது மட்டும் இன்னும் பள்ளிக்கூடம் போய்க்கிட்டு இருக்கு.

கொஞ்சம் குனிஞ்சு பாரு. குனிய முடியலேயா? ஜிம்முக்குக் கட்டுற பணமெல்லாம் எங்கே போகுது? சரி, உக்காந்தே பாரு.

நடுவிலே கட்டையா ஒரு வேர். அதுலே இருந்து நாலா பக்கமும் மெல்லிசா தண்டு ஓடுது. ஒண்ணாவது நிமிர்ந்து நிக்குதா? நுனி மட்டும் லேசாத் தலை தூக்கும், அவ்வளவுதான். போற வழியிலே கணுவுக்குக் கணு வேர் விட்டு இடம் பிடிக்கிற ஆளும் இல்லே. ஒரே வேர், ஒரே இடம். இப்போ இலையைத் தடவிப் பாரு. வழவழன்னு வருதே, அது ரோமம். இலை, தண்டு எல்லாத்து மேலேயும் வெள்ளை ரோமம் படுக்கை வசத்திலே படிஞ்சிருக்கு. அதனாலேதான் பச்சையாத் தெரியாம சாம்பல் பூத்துத் தெரியுது. வெயிலைக் கொஞ்சம் திருப்பி அனுப்புறதும் அந்த ரோமந்தான்; கோடைக்காத்து வந்து இலையோட ஈரத்தை உறிஞ்சாம மறிக்கிறதும் அதுதான். உன் வீட்டிலே இதே வேலைக்கு மூணு மெஷின் வச்சிருக்கே. ரெண்டு மாசத்துக்கு ஒரு தடவை பில்லு வந்ததும் நெஞ்சைப் பிடிச்சுக்கிட்டு உக்காருறே.

பூவைப் பாரு. குறுக்கே அளந்தா ஒரு சென்டிமீட்டர் தேறாது. இலைக் கக்கத்திலே நூலா ஒரு காம்பு கிளம்பி, அதோட நுனியிலே ஒண்ணோ ரெண்டோ. இதழ் அஞ்சும் ஒட்டி ஒரே தகடா விரிஞ்சிருக்கு. ஓரமெல்லாம் நீலம், நடுவிலே வெள்ளை. மகரந்தம் சுமக்கிற கால் அஞ்சு. அதுக்கு நடுவிலே சூல்தண்டு ரெண்டு. ஒவ்வொண்ணும் ரெண்டாப் பிரிஞ்சு நாலு நுனியா நிக்கும். இந்த ரெண்டு தண்டை வச்சுத்தான் இவளைக் குடும்பத்திலே மத்தவங்ககிட்டே இருந்து பிரிச்சு அடையாளம் சொல்றாங்கன்னார் வாத்தியார். பூ முடிஞ்சதும் காம்பு கீழே வளைஞ்சுக்கும். சின்னஞ்சிறு உருண்டைக் காய், காஞ்சா நாலாப் பிளக்கும், உள்ளே நாலு விதை. கணக்குச் சுத்தம். உன் கிரெடிட் கார்டுக் கணக்கு இப்படி இருந்தா உன் வீட்டுக்காரி நிம்மதியாத் தூங்குவா.

"நான் இதே ஊர்லே பிறந்து வளர்ந்தவன், எப்படித் தாத்தா இதைப் பார்க்காமப் போனேன்"னு கேக்கப் போறே. அதுலே உன் தப்பு ஒண்ணும் இல்லே. இது காலையிலே விரியும், மத்தியானத்துக்குள்ளே சுருங்கிக்கும். ஒரு பூவுக்கு ஆயுசு ஒரு காலைப்பொழுதுதான். மறுநாள் வேற பூ. நீ லீவுக்கு வந்தா எந்திரிக்கிறது பத்து மணி. பல்லு விளக்கி, காப்பி குடிச்சு, ஊர் உலகம் என்ன சொல்லுதுன்னு செல்போனைத் தடவி முடிச்சு நீ காட்டுக்கு வர்றப்போ இவ கடையைச் சாத்திட்டுப் போயிருப்பா. அப்புறம் உன் கண்ணுக்குக் காஞ்ச தரைதான். "ஒண்ணுமே முளைக்காத பூமி"ன்னு நீ ஊர் முழுக்கச் சொல்லிக்கிட்டுத் திரிஞ்சது எனக்குத் தெரியாதா? இன்னைக்கு என்ன அதிசயமோ, எட்டு மணிக்கே வந்து மாட்டிக்கிட்டே.

இவ குடும்பத்தைப் பத்தியும் சொல்லிடுறேன், சம்பந்தம் பேசுறதுக்கு முன்னாலே விசாரிக்கிறது நம்ம வழக்கந்தானே. பெரிய வீடு. உலகம் பூரா 1,600 வகைக்கு மேலே உண்டாம். மூத்தவ சர்க்கரைவள்ளி. பஞ்ச காலத்திலே எத்தனையோ தேசத்துக்குச் சோறு போட்ட மகராசி. அடுத்தவ வள்ளைக்கீரை, கண்மாய்த் தண்ணி மேலே மிதந்துக்கிட்டே குடித்தனம் நடத்துவா. தூத்துக்குடிக் கடற்கரைப் பக்கம் போனா அடம்பு. ஆட்டுக்குளம்பா ரெண்டாப் பிளந்த இலை, ஊதாப் பூ. அலை அரிச்சுக்கிட்டுப் போகிற மணலைக் கொடியாலே கட்டி நிறுத்துறது அவதான். உப்புக்காத்தும் அவளை ஒண்ணும் செய்யாது. அவ விதை கடல்லே மாசக்கணக்கா மிதந்துபோய், ஒதுங்குன கரையிலே முளைக்கும். உழைப்பாளி வர்க்கம்.

பெரிய குடும்பம்னா வம்புக்கு ஒண்ணு இருக்கணும் இல்லே? இருக்கு. நெய்வேலிக் காட்டாமணக்கு. பேரைப் பார்த்தா நம்ம ஊர்க்காரின்னு தோணும். பூர்வீகம் தென் அமெரிக்கா. அழகாப் பூக்குதேன்னு விட்டதுதான் தாமசம், கண்மாய்க்குள்ளே இறங்கினா கண்மாயே அவளுது. ஆடு சாதாரணமாத் தொடாது. வேற வழியில்லாமத் தின்னு பழகிருச்சுன்னா, கால் தள்ளாடி, கழுத்து ஆட்டம் கண்டு, அப்புறமும் அதையே தேடிப் போகுமாம். நம்ம ஊர்லேயும் சாயங்காலம் ஏழு மணிக்கு மேலே சில பேர் அதே நடைதான் நடக்கிறாங்க. அவங்க எடுத்துக்கிட்டது வேற வஸ்து.

இன்னொருத்தி அம்மையார் கூந்தல். வேலி மேலே மஞ்சள் நூலா அள்ளி எறிஞ்சாப்புலே கிடக்கும் பார்த்திருப்பே. இலை கிடையாது, உழைப்பும் கிடையாது. முளைச்ச கொஞ்ச நாளுக்குள்ளே பக்கத்திலே இருக்கிற எவனையாவது சுத்திப் பிடிச்சாகணும், இல்லேன்னா செத்துப்போகும். பிடிச்சாச்சுன்னா அவன் தண்டுக்குள்ளே உறிஞ்சுகுழலை இறக்கி, அதுக்கப்புறம் தரையோட இருக்கிற தொடுப்பையே அறுத்துக்கும். சொந்த மண்ணும் வேண்டாம், சொந்தச் சமையலும் வேண்டாம். நம்ம வகையறாவிலேயும் ஒருத்தர் இருக்கார். பேர் சொல்ல மாட்டேன். மாசம் பிறந்தா நீ பணம் அனுப்புறியே, அதே ஆளுதான்.

இப்போ விஷயத்துக்கு வர்றேன். இந்தக் குடும்பத்திலே பெரும்பாலும் சுத்தி ஏறுற கூட்டம். பக்கத்திலே எது நின்னாலும், அது வேலியோ, கம்போ, சோளத்தட்டையோ, கட்டிப் பிடிச்சு மேலே போயிருவாங்க. விஷ்ணுகிரந்திக்கு அந்த வித்தை வரவே வராது. யாரையும் சுத்தாது, எதையும் பிடிக்காது. இது குடும்பத்துக்கே அவமானம்னு நீ நினைக்கலாம். யோசிச்சுப் பாரு, செவக்காட்டிலே ஏறுறதுக்கு என்னடா இருக்கு? உயரத்துக்குப் போனா காத்து கூட அடிக்கும். காத்து கூடினா ஈரம் போகும். நிமிர்ந்து நிக்கணும்னா தண்டு கட்டச் செலவு. நின்னா ஆட்டு வாய்க்கு வாகு. தரையோட கிடந்தா இந்த நாலு தொல்லையும் இல்லே. மழை பேஞ்சா வேர்க்கட்டையிலே இருந்து நாலு பக்கமும் ஓடும், பூக்கும், விதைக்கும். மழை பொய்ச்சா தண்டைக் காய விட்டுட்டு வேர்லே ஒடுங்கிக்கும். வரவுக்குத் தக்கன செலவு. இதைச் சொல்லிக் கொடுக்கத்தான் உனக்கு ஒரு ஃபைனான்ஸ் கிளாஸ் வச்சு அம்பதாயிரம் வாங்கினாங்க.

நான் உன்னைச் சொல்லலே. நீ கட்டப்போற பண்ணை வீடு மூணு மாடி, எனக்குச் சந்தோசந்தான். மொட்டை மாடியிலே நின்னு பார்த்தா கோவில்பட்டி தெரியும்னு சொன்னே. தெரியட்டும். நான் சைக்கிள்லே போயே பார்த்துட்டு வந்திருக்கேன், பெருசா ஒண்ணும் இல்லே. பேங்குக்காரன் தோளைச் சுத்தி நீ மூணு மாடி ஏறுறே. அவன் ஒருநாள் தோளை உதறினா எந்த மாடியிலே இருந்து விழலாம்னு மட்டும் இப்பவே குறிச்சு வச்சுக்கோ.

"தரையிலே கிடக்கிறவன் எங்கே தாத்தா முன்னேறுவான்"னு வாய்க்குள்ளே முனங்குறே. காது நல்லாக் கேக்கும்பா எனக்கு. இதோ கிடக்காளே, இவ போகாத ஊர் எது? ராஜஸ்தான்லே தார் பாலைவனத்திலே இருக்கா. ஆப்பிரிக்காவிலே இருக்கா. ஆஸ்திரேலியாவிலே உள்நாட்டுக் காய்ச்சல் பூமியிலே இருக்கா. அமெரிக்காவிலே அரிசோனாவிலே, சப்பாத்திக்கள்ளி காவல் காக்கிற பாறைச் சரிவிலே இருக்கா. இவ கோத்திரத்திலே சுமார் நூறு வகை உண்டாம். அத்தனையும் அமெரிக்கக் கண்டத்து ஆளுங்க. அந்தப் பக்கத்தை விட்டு நம்ம பக்கமும் பரவிப் பிழைச்சது ரெண்டே ரெண்டு பேர்தான். ஒருத்தி இவ, இன்னொருத்தி வட்ட இலைக்காரி, வெள்ளைப் பூக்காரி, நம்முலேரியஸ்னு பேராம். நீ அமெரிக்க விசாவுக்கு அழுத்தி ரேகை வச்சு ரேகையே தேய்ஞ்சு போச்சு. இவ ஒரு பாரம்கூட நிரப்பலே.

பெரிய மனுசங்க இவளைக் கவனிக்கலேன்னும் நினைச்சிராதே. மலையாளக் கரையிலே டச்சுக்காரங்க ஆட்சி நடந்தப்போ வான் ரீட்னு ஒரு கவர்னர் இருந்தார். மிளகு வாங்க வந்த ஆளு, செடியைப் பார்த்து மயங்கிட்டார். இட்டி அச்சுதன்னு ஒரு நாட்டு வைத்தியரையும் இன்னும் பல பேரையும் கூட வச்சுக்கிட்டு, 'ஹோர்ட்டஸ் மலபாரிக்கஸ்'னு 12 பாகம் புஸ்தகம் போட்டார். 1678-லே ஆரம்பிச்சு 1693 வரைக்கும் ஆம்ஸ்டர்டாமிலே அச்சாச்சு. அதுலே நம்ம விஷ்ணுகிரந்திக்கும் படம் போட்டு, நம்ம பக்கத்துப் பேரையே எழுதி இடம் கொடுத்திருக்காங்க. பிறகு சுவீடன்லே இருந்த லின்னேயஸ், உலகத்துச் செடிக்கெல்லாம் ரேஷன் கார்டு போட்ட மகான், 1753-லே இவளைக் கொடி ஏறுற கன்வால்வுலஸ் கூட்டத்திலே சேர்த்தார். இவ ஏறவே மாட்டேங்கிறான்னு புரிஞ்சு தனிக் குடித்தனம் வச்சது 1762-லே. அவ்வளவு பெரிய மூளைக்கே ஒன்பது வருசம் பிடிச்சிருக்கு. நீ இன்னைக்குத்தானே செருப்பைத் தூக்கியிருக்கே, அவசரம் இல்லே.

இதுலே இன்னொரு கூத்து. உன் மகளுக்குப் பரிச்சை வந்தா ஒரு பாட்டில் டானிக் வாங்கி ஊத்துவியே, ஞாபகசக்திக்குன்னு. மேலே சங்கபுஷ்பின்னு எழுதியிருக்கும். அந்தச் சங்கபுஷ்பி யார் தெரியுமா? இந்தியாவிலே அந்தப் பட்டத்துக்கு நாலு பேர் மல்லுக்கட்டுறாங்க. வடமேற்கே தார் பாலைவனத்துப் பக்கம் கன்வால்வுலஸ் புரோஸ்ட்ரேட்டஸ்னு ஒருத்தி, இவளுக்கு உறவுதான். அவளும் தரையிலே படர்றவ, வெள்ளைக்கும் இளஞ்சிவப்புக்கும் நடுவிலே ஒரு நிறம். ரெண்டாவது, உன் காலடியிலே கிடக்கிறவ. மூணாவது, நம்ம வேலியிலே ஏறுற சங்குப்பூ. கேரளாவிலே அதுதான் சங்கபுஷ்பி, ஆனா அது அவரை, மொச்சைக் குடும்பம். நாலாவது வங்காளத்துக்காரி, கான்ஸ்கோரான்னு பேர், அவளுக்கும் இவங்க யாருக்கும் ஒட்டும் இல்லே உறவும் இல்லே. அரசாங்கத்து ஆயுர்வேத மருந்து நூல் முதல் ஆளுக்குத்தான் பட்டம் கட்டியிருக்கு. ஆனா மருந்துக்கடைச் சாக்குமூட்டைக்குள்ளே நாலு பேர்லே யார் காஞ்சு கிடக்கிறான்னு மூட்டையைப் பிரிச்சவனுக்குத்தான் வெளிச்சம்.

ஞாபகத்தைக் கூட்டுற மூலிகை எதுங்கிறதிலேயே நாட்டுக்கு நாலு விதமா ஞாபகம் இருக்கு. அதை நம்பி நீ பிள்ளைக்கு வாய்ப்பாடு வரும்னு காத்துக்கிட்டு இருக்கே. விஷ்ணுகிரந்தியை எலிகளுக்குக் கொடுத்துச் சோதிச்சதிலே ஞாபகம் கூடினதா ஆராய்ச்சிக்காரங்க எழுதியிருக்காங்களாம். இருக்கும். எலிக்கு ட்யூஷன் கிடையாது, டிவி கிடையாது, படிக்கிற நேரத்திலே பக்கத்திலே உக்காந்து செல்போன் நோண்டுற அப்பனும் கிடையாது. உன் மகளுக்கு இந்த மூணிலே ஒண்ணைக் குறைச்சுப் பாரேன். அந்த மூணாவதைத்தான் சொல்றேன்.

நம்ம பக்கத்து நாட்டு வைத்தியருங்க இவளை ஞாபகத்துக்குத் தேடினதைவிடக் காய்ச்சலுக்குத் தேடினதுதான் அதிகம். வேரோட பிடுங்கி, அலசி, மத்த சரக்கோட சேர்த்துக் கசாயம். அதுக்காக நீ யூடியூப்பைப் பார்த்துட்டு நாளைக்கே சட்டி வச்சுராதே. காய்ச்சல் வந்தா டாக்டர்கிட்டே போய் ரத்தம் பாரு. டெங்குக் கொசு உன் தாத்தன் பேச்சைக் கேக்காது.

மலையாளத்துப் பொம்பளைங்க இவளை வேற மாதிரி மதிச்சாங்க. தசபுஷ்பம்னு பத்துச் செடி. அதுலே இவளும் ஒருத்தி. கர்க்கடக மாசத்திலேயும், திருவாதிரை ராத்திரியிலேயும் அந்தப் பத்தையும் சேர்த்துத் தலையிலே சூடுறது வழக்கம். அறுகம்புல், சிறுபீளை, கரிசலாங்கண்ணி, முடக்கத்தான், நிலப்பனை, முயல்செவின்னு பட்டியல் போகுது பாரு, ஒண்ணாவது நர்சரியிலே வாங்குற சரக்கா? அத்தனையும் கொல்லையிலேயும் வரப்பிலேயும் தானா முளைக்கிறது. நம்ம பக்கமும் பொங்கலுக்குக் காப்புக் கட்டுறப்போ அந்தச் சிறுபீளையைத்தானே வேப்பிலையோட சேர்த்துக் கூரையிலே சொருகுறோம். மிதிபடுற செடியை வருசத்துக்கு ஒருநாளாவது தலைக்கு மேலே வைக்கணும்னு முன்னோருக்குத் தோணியிருக்கு. உனக்கும் தோணியிருக்கு, தொட்டியோட சேர்த்து வைக்கணும்னு.

இனி உன் திட்டத்துக்கு வருவோம். மூணு ஏக்கரையும் பொக்லைன் விட்டு ஒரு அடி மேல்மண்ணைச் சீவப்போறே. "களை ஒண்ணு இருக்கக் கூடாது"ன்னு காண்ட்ராக்டர்கிட்டே சொன்னயாம். அப்புறம் களைக்கொல்லி அடிச்சு, மேலே செம்மண் அடிச்சு, கொரியன் புல் விரிச்சு, அதுக்குத் தண்ணி தெளிக்க ஒரு போர். புல்லு ஓரத்துக்கு இந்த ஆறு எவால்வுலஸ் தொட்டி. நல்ல திட்டம். நான் குறுக்கே நிக்க மாட்டேன். பெரியவன்ங்கிற முறையிலே நாலு யோசனை மட்டும் சொல்றேன், கேட்டுக்கோ.

முதல் யோசனை. சீவுறதுன்னு ஆயிருச்சுன்னா அரைகுறையாச் சீவாதே. இவளோட வேர்க்கட்டை மேல்மண்ணுக்குள்ளே இருக்கு. விதையும் அங்கேதான். இந்தக் குடும்பத்து விதைக்கு ஓடு கெட்டி. தண்ணி சுலபமா உள்ளே போகாது, மண்ணுக்குள்ளே பொறுமையாக் கிடந்து சமயம் பார்க்கும். கொஞ்சம் விட்டு வச்சாலும் அடுத்த மழைக்கு வந்து உன் கொரியன் புல்லுக்கு நடுவிலே நீலமாச் சிரிக்கும். விருந்துக்கு வந்தவன் முன்னாலே உனக்குத்தான் மானக்கேடு.

ரெண்டாவது. சீவின மண்ணு வெறுமனே கிடக்கும்னு நினைக்காதே. கிளறிவிட்ட பூமிக்கு முதல்லே பாய் விரிச்சுப் படுக்க வர்றது பார்த்தீனியம், பின்னாலேயே சீமைக்கருவேல். ரெண்டுக்கும் நீ அழைப்பு அடிக்க வேண்டியதில்லே, பொக்லைன் சத்தமே போதும். பார்த்தீனியம் பட்டா தோல் அரிக்கும், சில பேருக்கு மூச்சும் இரைக்கும். அதுக்கு ஒரு ஸ்பெஷலிஸ்ட் டாக்டரை இப்பவே பேசி வச்சுக்கோ.

மூணாவது. சின்னத் தேனீ, வண்ணத்துப்பூச்சி எல்லாம் காலையிலே இங்கே வந்து போகும். கொரியன் புல்லுலே அதுகளுக்கு வேலை இல்லே. அதனாலே பக்கத்துக் காட்டுப் பயறும் எள்ளும் சரியாக் காய்க்கலேன்னு யாராவது சண்டைக்கு வந்தா, "கேட்டுக்கு உள்ளே அனுமதி இல்லை"ன்னு போர்டு மாட்டிரு. இங்கிலீசிலே மாட்டு. அப்போதான் தேனீக்கும் புரியாது, நம்ம ஆளுக்கும் புரியாது.

நாலாவது, இது வியாபார யோசனை. சீவித் தள்ளுறதுக்கு முன்னாலே ஒரு ஆளைவிட்டு இந்த நீலத்தையெல்லாம் வேரோட தோண்டித் தொட்டியிலே வை. ஒவ்வொண்ணிலேயும் 180 ரூபாய்னு சீட்டு ஒட்டு. அப்புறம் நீயே காரை எடுத்துக்கிட்டு ஊரைச் சுத்திவந்து, நீயே வெலை கேட்டு, நீயே பேரம் பேசாம வாங்கிக்கோ. செடியும் காட்டை விட்டுப் போகாது, காசும் வீட்டை விட்டுப் போகாது, உனக்கும் அதை மதிக்கிறதுக்கு ஒரு காரணம் கிடைச்சிரும். எனக்குக் கமிஷன் வேண்டாம்.

முறைக்காதே பேராண்டி. பொக்லைனை வேண்டாம்னு சொல்லுன்னு நான் ஒரு வார்த்தை சொன்னேனா? காடு உன் பேர்லே பட்டா ஆயிருக்கு. சீவுறதும் விடுறதும் உன் பாடு. ஓரமா ஒரு பத்து சென்ட்டை அப்படியே விட்டுரலாமான்னு நீயாத்தான் இப்போ கண்ணாலே அளக்குறே. நான் பார்க்காத மாதிரி இருந்துக்கிறேன்.

ஒண்ணே ஒண்ணு மட்டும் செய். வண்டியை மத்தியானச் சாப்பாட்டுக்கு மேலே வரச் சொல்லு. பூவெல்லாம் மூடியிருக்கும், காடு வெறுந்தரையாத் தெரியும், உனக்கும் உறுத்தாது, டிரைவருக்கும் உறுத்தாது. காலையிலே எட்டு மணிக்கு மட்டும் வரச் சொல்லிராதே. அந்த வெயில்லே இந்தத் தரையைப் பார்த்துட்டான்னா, அவனும் ஒரு சம்சாரி வீட்டுப் பிள்ளை, லிவரை இழுக்கக் கை வராம உக்காந்துக்குவான். எஞ்சின் ஓடிக்கிட்டே இருக்கும்; வாடகை மணிக்கணக்குலே ஏறிக்கிட்டே இருக்கும்.